இறங்க ஓர் இடம்

எழுபத்து நாலாம் வருஷம் தை மாதத்தில் தெய்வம்மாவும் அவள் புருஷன் வீரையாவும் சேரம்பாடிப் பக்கம் புதிதாகப் போட்டிருந்த ஒரு தேயிலைத் தோட்டத்துக்கு வந்து சேர்ந்தார்கள். இருவரும் இலங்கையின் பொகவந்தலாவையில் பிறந்து, அங்கேயே கல்யாணம் முடித்து, அங்கேயே தலை நரைத்தவர்கள். இரண்டு அரசாங்கங்கள் சேர்ந்து போட்ட ஒப்பந்தத்தில் அவர்கள் பெயர் இந்தியாப் பக்கம் விழுந்தது. மகள் கருப்பம்மாவின் பெயர், கட்டிக்கொண்டவனுடைய பெயரோடு சேர்ந்து இலங்கைப் பக்கம் விழுந்தது. தலைமன்னாரில் இவர்கள் கப்பல் ஏறிய அன்று மகளால் வழியனுப்ப வர முடியவில்லை. அவளுக்கு மாதம் நிறைந்திருந்தது.

தோட்டத்தில் அவர்களுக்குக் கொடுத்த லயம் ஒரு குன்றின் தோளில் இருந்தது. ஒரே வரிசையாகப் பத்து வீடுகள், மேலே புதுத் தகரம். குன்று முழுக்கக் காடாக இருந்ததை வெட்டிச் சாய்த்துத் தேயிலைக் கன்று நட்டிருந்தார்கள். உச்சியில் ஒரு ஈட்டி மரத்தை மட்டும் விட்டு வைத்திருந்தார்கள். அதன் உடம்பில் மேலிருந்து அடிவரைக்கும் கறுத்த தழும்புகள் ஓடின.

கீழே கடைத்தெருவில் டீக்கடை வைத்திருந்த குஞ்ஞாலி, இவர்கள் எந்த லயம் என்று கேட்டறிந்ததும் முகம் மாறினான்.

"அந்தக் குன்னுல ஆரும் குடியிருக்க மாட்டாங்க. அது அவன்டெ ஸ்தலம்," என்றான்.

யார் அவன் என்று வீரையா கேட்டதற்கு, கிளாஸ் துடைத்துக்கொண்டிருந்த துணியோடு கையை வானத்துக்கு நீட்டினான். அந்தக் குன்றுக்கு இடிக்குன்னு என்று பேர். வீரையா அதை வீட்டுக்கு வந்து சிரித்துக்கொண்டே சொன்னான். நல்ல இடமாக இருந்தால் நமக்கு ஏன் தரப் போகிறார்கள் என்றான். தெய்வம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை.

சித்திரை பிறந்ததும் அது வந்தது. மற்ற மேகங்களைப் போல எங்கிருந்தோ மிதந்து வரவில்லை. மத்தியான வெயில் காய்ந்துகொண்டிருக்கும்போதே குன்றின் உச்சியில் கறுப்பாக ஊறி, அங்கேயே நின்றது. ஈட்டி மரத்தில் முதல் மின்னல் இறங்கியது. பிறகு அது லயத்துப் பக்கம் நகர்ந்து, ஒவ்வொரு வீட்டுக் கூரையின் மேலும் கொஞ்ச நேரம் நின்று நின்று போனது. இருட்டில் வந்தவன் அடுக்களைப் பானைகளைத் தடவிப் பார்ப்பதுபோல இருந்தது. பக்கத்து வீட்டு அய்யாவு, வாசலில் காயப்போட்ட விறகை அள்ளி உள்ளே போட வெளியே ஓடினார். அவர் திரும்பி வரவில்லை.

அய்யாவுவைப் புதைத்துவிட்டு எல்லோரும் பீல்டு ஆபீசர் பரமசிவனிடம் போனார்கள். பங்களாவிலும் பாக்டரியிலும் இடிதாங்கி இருப்பதை அவர்கள் பார்த்திருந்தார்கள். லயத்துக்கும் ஒன்று வைத்துத் தர வேண்டும் என்று கேட்டார்கள். பரமசிவன் பொள்ளாச்சிக்காரர். கெட்ட மனிதர் இல்லை. மேலே எழுதிப் போடுவதாகச் சொன்னார், எழுதியும் போட்டார். ஒன்றும் வரவில்லை.

அந்த வைகாசியில் ஒருநாள் தெய்வம்மா காய்ச்சலோடு வீட்டில் படுத்திருந்தாள். இடி வரும் முன்பு கூரைத் தகரம் எப்போதும் வண்டு போல முரலும். லயத்தில் எல்லோருக்கும் பழகிப்போன சத்தம்தான். அன்றைக்கு அந்த முரலுக்குள் வார்த்தை இருந்தது. 'சீனி தீந்து போச்சு' என்றது, மூன்றாம் வீட்டுக்காரியின் குரலில். 'பெரட்டுக்கு நேரமாச்சு' என்றது, வீரையாவின் குரலில். காலையில் பெயர் கூப்பிடும் ஆள் திரட்டுக்குக் கிளம்பும்போது அவன் தினமும் சொல்வது அது. லயத்தில் பேசியதையெல்லாம் தகரத்தின் வழியாகக் கேட்டுக் கேட்டு அது பேச்சுப் படித்திருந்தது. தெய்வம்மா எழுந்து உட்கார்ந்தாள். அடுத்து அது அய்யாவுவின் குரலில் கேட்டது.

"என்னத்துக்கு வந்தீங்க?"

கடைத்தெருவில், ஆஸ்பத்திரியில், பஸ்ஸில் எல்லா இடத்திலும் கேட்ட கேள்வி. செத்துப்போன மனிதரின் குரலில் அதைக் கேட்டதும் அவளுக்குப் பயத்தைவிடக் கோபம்தான் வந்தது.

"வரல. அனுப்புனாங்க," என்றாள்.

அது தன்னைப் பற்றிச் சொல்லியது. வார்த்தைகள் பலருடைய குரல்களிலிருந்து வந்தன. தான் நிறைந்தால் இறங்கியாக வேண்டும், நிறைந்ததை வைத்துக்கொண்டிருக்க முடியாது. முன்பு காடு இருந்தது, எங்கே வேண்டுமானாலும் இறங்கலாம். மரத்தில் இறங்கினால் வேர் வழியாகப் போய், இலை வழியாகத் திரும்ப மேலே வந்துவிடலாம். இப்போது ஒரு மரமும் பத்துத் தகரமும்தான் இருக்கின்றன.

தெய்வம்மா அதனிடம் பேரம் பேசினாள். மரம் உனக்கு, தகரம் எங்களுக்கு. நீ வரும் மாதங்களில் மத்தியானத்துக்கு மேல் நாங்கள் உச்சிப் பக்கம் வரமாட்டோம். நீ லயத்துப் பக்கம் வராதே.

"வாக்கா?" என்றது.

"வாக்குத்தான்."

மேகத்தைக் கண்டு வேலையிலிருந்து ஓடி வந்திருந்தவர்களுக்குப் பத்து வீட்டிலும் இது கேட்டது. யாரும் மறுக்கவில்லை. அன்றைக்கு மின்னல் மரத்தில் மட்டும் இறங்கியது. மறுநாள் ஆண்கள் பரமசிவனைப் பார்த்து, கோடை மாதங்களில் விடியற்காலமே வேலையைத் தொடங்கி மத்தியானத்தோடு முடித்துக்கொள்கிறோம் என்று கேட்டார்கள். இன்னொரு சாவு விழுந்தால் தனக்குத் தலைவலி என்று அவரும் ஒத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு சில வருஷங்கள் அந்த லயத்தில் இடியால் ஒரு கோழிகூடச் சாகவில்லை. கோடை மழை மற்ற இடங்களைவிட இடிக்குன்னில் நன்றாகப் பெய்தது. கன்றுகள் தளதளவென்று வந்தன. வாக்குக் காப்பாற்றுகிற ஒன்றை இந்த நாட்டுக்கு வந்து இப்போதுதான் பார்க்கிறேன் என்று வீரையா சொல்லிக்கொண்டிருந்தான். அவனும் அதனோடு பேச ஆரம்பித்தான். ஏய், சீக்கிரம் எறங்கிட்டுப் போ, துணி காயணும் என்பான். அது அவன் குரலிலேயே அவனுக்குப் பதில் சொல்லும். லயம் முழுக்கச் சிரிக்கும்.

தெய்வம்மாவிடம் அது கேள்விகள் கேட்டது. கடல் என்றால் என்ன, கப்பல் என்றால் என்ன, மகள் என்றால் என்ன. அவள் பொறுமையாகச் சொன்னாள். கருப்பம்மாவைப் பற்றி லயத்தில் யாரிடமும் இவ்வளவு பேசியதில்லை. எல்லோருக்கும் இலங்கையில் விட்டு வந்த ஒருவர் இருந்தார், அதனால் யாரும் யாருடைய கதையையும் கேட்கவில்லை. இது கேட்டது. ஒருமுறை அவள், பங்களாப் பக்கம் நீ ஏன் போவதில்லை என்று கேட்டாள். இந்தத் தோட்டம் வருவதற்கு முன்பே, வெள்ளைக்காரர் காலத்தில் அங்கே ஒரு ஊசி நட்டார்கள் என்றது. தெரியாமல் அதில் இறங்கியபோது மண் தன்னை விழுங்கிவிட்டது, போன பங்கு திரும்பி வரவேயில்லை, தன்னால் பார்க்க முடியாது, தொட்டும் கேட்டும்தான் தெரியும், அதனால் அந்தத் திக்கே வேண்டாம் என்றது. அதற்கும் பயம் உண்டு என்பது தெய்வம்மாவுக்கு ஆறுதலாக இருந்தது.

எழுபத்தெட்டில் தோட்டத்துக்குப் புது மேனேஜர் வந்தார். உச்சியில் நிற்கும் ஈட்டி மரத்தை வெட்டி மர டிப்போவுக்கு அனுப்பிவிட்டு அந்த இடத்திலும் தேயிலை நட வேண்டும் என்று உத்தரவு போட்டார். பரமசிவன் லயத்துக்கு வந்து, மரம் வெட்டத் தெரிந்தவன் வீரையாதான் என்று அவனைக் கூப்பிட்டார். லயத்து ஆட்கள் தயங்கியதும், வேலைக்கு வராதவர்கள் வீட்டைக் காலி செய்ய வேண்டியிருக்கும் என்று மேனேஜர் சொல்லியிருப்பதாகத் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

அன்று சாயங்காலம் தெய்வம்மா புருஷனோடு சண்டை போட்டாள்.

"வாக்குக் குடுத்தது நாமதானே," என்றாள்.

வீரையா கோடாலியைச் சாணைக் கல்லில் தீட்டிக்கொண்டிருந்தான். "லயமும் நம்மளது இல்ல, மரமும் நம்மளது இல்ல. நம்மளது இல்லாத சாமானுக்கு நாம எப்படி வாக்குக் குடுக்க ஏலும்?"

வீட்டைக் காலி செய்துவிட்டு எங்கே போவது என்று அவளுக்கும் தெரியவில்லை. வீரையாவும் இன்னும் நால்வரும் போய் மரத்தை வெட்டினார்கள். அது விழுந்த சத்தம் லயம்வரை கேட்டது. அப்போது மாசி மாதம். வானத்தில் ஒரு பிசிறுகூட இல்லை.

சித்திரையில் அது வந்தபோது உச்சியில் ஒன்றும் இல்லை. கூரைகள் முரன்ற முரலில் பல் கூசியது.

"மரம்?" என்றது.

"வெட்டிட்டாங்க."

"யாரு?"

தெய்வம்மா மேனேஜர் பெயரையும் பரமசிவன் பெயரையும் சொன்னாள். அந்தக் குரல்கள் தனக்குத் தெரியாது என்றது. இந்தத் தகரங்களுக்கு அடியில் பேசுகிறவர்களைத்தான் தெரியும் என்றது. அன்றைக்கு அது எங்கும் இறங்கவில்லை. லயத்தைத் தொடவும் இல்லை. நிறைந்தபடியே நகர்ந்துபோனது. அடுத்தடுத்த நாட்களும் அப்படியே வந்து, நின்று, இறங்காமல் போனது. அடக்கிக்கொண்டிருக்கிறது, வாக்கை நாம் விட்டாலும் அது விடவில்லை என்று லயத்தில் பேசிக்கொண்டார்கள். மாட்டுக்குப் பிரசவ வலி வந்ததுபோல் அது மேலே உறுமிக்கொண்டே இருந்தது.

வெட்டிய மரத்தின் அடிக்கட்டையைத் தோண்டி எடுக்கும் வேலை மிச்சம் இருந்தது. தென்மேற்கு மழைக்கு முன் கன்று நட்டாக வேண்டும் என்பதால் மத்தியானத்துக்குப் பிறகும் வேலை செய்யச் சொன்னார்கள். பழைய ஏற்பாடு புது மேனேஜருக்குப் பிடிக்கவில்லை. தெய்வம்மா ஆபீஸ் வாசலில் நின்று பரமசிவனைக் கும்பிட்டாள். காலையில் மட்டும் அந்த வேலையைக் கொடுங்கள், மத்தியானம் வேண்டாம் என்றாள்.

"ரேடியோவுல மழையில்லைன்னு சொல்லியிருக்காங்கம்மா. நீங்க வீணாப் பயந்துக்கறீங்க," என்றார் அவர்.

அன்று மத்தியானம் குழிக்குள் ஐந்து பேர் இருந்தார்கள். நான்கு பேரைத் தூக்கித் தூர எறிந்துவிட்டு அது இறங்கியது. நால்வரும் பிழைத்தார்கள். வீரையா கடப்பாரையைப் பிடித்தபடி கட்டையின் மேல் சாய்ந்திருந்தான். சட்டைப் பொத்தான்கள் உருகியிருந்தன. முகத்தில் காயம் ஒன்றும் இல்லை.

விசாரணைக்கு மேலிடத்திலிருந்து ஒருவர் ஜீப்பில் வந்தார். இடி நேரத்தில் இரும்பைக் கையில் பிடித்தது ஆளின் கவனக்குறைவு என்று சொன்னார். அப்படியே லயத்தையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, இங்கே ஏன் இடிதாங்கி இல்லை என்று பரமசிவனைக் கடிந்துகொண்டார். நாலு வருஷமாக வராத இடிதாங்கி அந்த மார்கழியில் வந்தது. தெய்வம்மாவின் வீட்டுச் சுவரை ஒட்டிக் கம்பத்தை நட்டு, செம்புப் பட்டையை இறக்கி, குழி தோண்டிக் கரியும் உப்பும் போட்டு மூடினார்கள். வேலைக்கு வந்தவர்களுக்கு அவள் தண்ணீர் கொடுத்தாள். இது எவ்வளவு பெரிய இடியையும் தாங்குமா என்று மட்டும் கேட்டாள். தாங்கும் என்றார்கள்.

அடுத்த சித்திரையில் கூரை முரன்றபோது அவள் அடுப்படியில் இருந்தாள். வேலைக்குப் போகாமல் அன்றைக்கு லீவு போட்டிருந்தாள். வரும் என்று தெரியும். வந்தது.

"தெய்வம்மா," என்றது.

வீரையாவின் குரல். தொண்டையைக் கனைத்துவிட்டுக் கூப்பிடுவது உட்பட அப்படியே இருந்தது. அவள் கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். உட்கார்ந்தாள். வேறு யார் குரலிலாவது பேசு என்று கேட்டுக்கொள்ள நினைத்தாள், கேட்கவில்லை. ஒரு வருஷமாகக் கேட்காத குரல்.

"கோவமா?" என்றது.

"அவர்னு தெரிஞ்சுதானே எறங்குன?"

அது மழுப்பவில்லை. "தெரியும். இன்னும் அடக்க ஏலல. பழகின எடத்துல எறங்கினேன். அங்க அவர் நின்னாரு. தெரிஞ்சேதான் எறங்கினேன்."

பொய் சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று தெய்வம்மாவுக்குத் தோன்றியது. மகள் பிரிந்தபோது, அய்யாவு செத்தபோது, மரம் வெட்டச் சொன்னபோது, விசாரணையின்போது எல்லோரும் அவளிடம் ஏதோ ஒன்றைச் சொல்லி மழுப்பினார்கள். அவர்களில் ஒருவர்மீதும் அவளால் கை வைக்க முடியவில்லை. உண்மையைச் சொன்னது இது ஒன்றுதான். இது ஒன்றுதான் அவள் கைக்கு எட்டும் தூரத்திலும் இருந்தது.

தகரம் துடித்துக்கொண்டிருந்தது. இப்போதும் நிறைந்திருக்கிறேன் என்றது. இன்னொருவரைக் கொல்ல விருப்பமில்லை, காடு எங்கும் இல்லை, பாறையில் இறங்கினால் உடைந்துபோகிறேன், நீ சொல்லும் இடத்தில் இறங்குகிறேன் என்றது.

"எங்க எறங்கட்டும்?" என்று வீரையாவின் குரலில் கேட்டது.

தெய்வம்மா சுவரைப் பார்த்தாள். சுவருக்கு அந்தப் பக்கம் கம்பம்.

"எங்க வீட்டு ஓரமா ஒரு மரம் வச்சிருக்கேன். ஒனக்காகத்தான். ஒசரமா வந்திருக்கு," என்றாள்.

"வாக்கா?"

"வாக்குத்தான்."

அது தயங்கவே இல்லை. முழுதாக இறங்கியது. வீடு குலுங்கிச் சட்டி பானைகள் உருண்டன. சுவரோரம் மண் கொதித்த நாற்றம் வந்தது. மின்னல் இமைப்பொழுதில் முடிந்துவிடும் என்பார்கள். அன்றைக்கு அது போய்க்கொண்டே இருந்தது. செம்புப் பட்டை கிழிகிற சத்தத்துக்கு நடுவில் வீரையாவின் குரல் ஒருமுறை அவள் பெயரைச் சொல்லியது. இரண்டாம் முறை பாதிப் பெயர்தான் வந்தது. பிறகு கூரை அமைதியானது. வெளியே வந்து பார்த்தபோது குன்றுக்கு மேல் வெறும் வெயில் அடித்துக்கொண்டிருந்தது.

அவள் வாசலில் நின்று அழுதாள். அக்கம்பக்கத்துப் பெண்கள் எல்லோரும் மலையில் வேலைக்குப் போயிருந்தார்கள். எதற்கு அழுகிறாய் என்று கேட்க ஆளில்லை. கேட்டிருந்தாலும் புருஷனை இரண்டாம் முறை பறிகொடுத்ததற்கா, தன்னை நம்பிய ஒன்றை ஏமாற்றியதற்கா என்று அவளால் பிரித்துச் சொல்லியிருக்க முடியாது.

அந்தக் கோடையில் இடிக்குன்னில் மழை பெய்யவில்லை. பக்கத்துக் குன்றுகளில் பெய்தது. இங்கே வந்ததும் மேகம் கலைந்தது. அடுத்த கோடையும் அப்படித்தான். செடிகளில் சிவப்புச் சிலந்திப் பூச்சி விழுந்து இலையெல்லாம் செம்பு நிறமாகிச் சுருண்டது. ஓடையில் தண்ணீர் நின்றுபோய்ப் பெண்கள் குடத்தோடு கீழே இறங்கினார்கள். அது கோபித்துக்கொண்டு போய்விட்டது என்று லயத்துக்காரர்கள் நினைத்தார்கள். மரத்தை வெட்டியதற்கு வீரையாவை எடுத்துக்கொண்டும் அதற்கு மனம் ஆறவில்லை என்றார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் சேர்ந்து உச்சிக்குப் போய், மரம் நின்ற இடத்தில் மஞ்சள் பூசிய கல்லை வைத்துத் தேங்காய் உடைத்தார்கள். உன் பேச்சைத்தான் அது கேட்கும், நீ கூப்பிடு என்று தெய்வம்மாவை முன்னால் நிறுத்தினார்கள். அய்யாவுவின் பெண்சாதி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். அந்த அம்மாளின் புருஷன் குரலும் அதற்குள் இருந்தது என்பது அப்போதுதான் தெய்வம்மாவுக்கு உறைத்தது.

நடந்ததைச் சொல்ல வாய் வரவில்லை. அதனால் கூப்பிட்டாள். வா, கோபப்படாதே, மரம் வைத்துத் தருகிறோம் என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள். முதலில் ஒப்புக்குத்தான் கூப்பிட்டாள். கொஞ்ச நேரத்தில் தொண்டை கட்டிக்கொள்ளும் அளவுக்குக் கத்திக்கொண்டிருந்தாள். போதும் என்று நான்கு பெண்கள் பிடித்து இழுத்துக்கொண்டு வர வேண்டியிருந்தது. வானம் நீலமாக இருந்தது.

பரமசிவனுக்குக் குன்னூருக்கு மாற்றலானது, பெரிய உத்தியோகத்தில். அவர் போகும் முன் ஆட்களைத் திரட்டி, அந்த மலையில் தேயிலை வேலையை மூடப் போவதாகச் சொன்னார். மழை பொய்த்துவிட்டது, இதற்கு மனிதர்களைக் குறை சொல்ல முடியாது என்றார். சிலருக்கு வேறு மலையில் வேலை போட்டார்கள். வயது அதிகம் என்று விடுபட்டவர்களில் தெய்வம்மாவும் ஒருத்தி. இத்தலாரில் காய்கறித் தோட்டத்துக்குக் கூலியாள் வேண்டும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு, இன்னும் இரண்டு பெண்களோடு கிளம்பினாள். கருப்பம்மாவுக்குப் புது விலாசம் எழுதிப் போட வேண்டும். அது என்ன விலாசம் என்று அவளுக்கே இன்னும் தெரியாது.

காலையில் லாரி வந்தது. சாமான் அதிகமில்லை. உடன் வந்த பெண்களில் ஒருத்தி, அங்கே தங்க இடம் கொடுப்பார்களா என்று கேட்டாள். போய்ப் பார்த்தால்தான் தெரியும் என்று சொல்லிவிட்டுத் தெய்வம்மா முந்தானையைத் தலைக்குப் போட்டுக்கொண்டு ஏறி உட்கார்ந்தாள்.